டீகனின் கை

எங்கள் கம்பெனியின் கார்ட்டூன் படங்கள் எல்லாம் ஒரே மாதிரிதான் தொடங்கும். வெள்ளைத் தாளின் மேல் ஒரு மனிதக் கை வந்து, நிப் என்ற ஆட்டை வரையும். வரைந்து முடித்ததும் ஆடு அந்த விரலைக் கடிக்கும். நியூயார்க் அரங்குகளில் முதல் சிரிப்பு அங்கேதான் எழும்.

அது ஆம்புரோஸ் டீகனின் கை. நிப்பின் முதல் படத்தை ஆயிரக்கணக்கான தாள்களில் தனியாக உட்கார்ந்து வரைந்தவர் அவர். ஆனால் திரையில் தெரிவது கையின் புகைப்படம்தான். அட்டையில் ஒட்டி, மணிக்கட்டோடு கத்தரித்து வைத்திருக்கிறோம். அதை மயிரிழை நகர்த்திப் படம்பிடித்து, மறுபடி நகர்த்துவது என் வேலை.

குளிர்காலத்தில் அவருடைய கை நடுங்கத் தொடங்கியது. ஆட்டின் முதுகுக் கோடு ரம்பப் பல்லாக விழுந்தது. போன மாதம் முதலாளி ஸ்ட்ராஸ்னர் அவரை வேலையை விட்டு அனுப்பிவிட்டார்.

இன்று காலை டீகன் வந்தார். வலது கை கோட்டுப் பைக்குள் இருந்தது.

"வாய்யா டீகன்! ஆடு உன்னைக் காணாம அழுதுச்சு" என்றார் ஸ்ட்ராஸ்னர்.

"ஆட்டை நீங்களே வச்சுக்குங்க சார். வேற கம்பெனியில கூப்பிடறாங்க. பசங்க வரைவாங்க, நான் பக்கத்துல இருந்து சொல்லணும். ஆனா ஆரம்பத்துல என் கை வந்தாத்தான் வேலைன்னு சொல்லிட்டாங்க. அந்த அட்டையைக் குடுங்க."

"கைதான் தோள்ல தொங்குதே, இன்னொண்ணு எதுக்கு?"

படத்தாள்களுக்கு மை பூசும் பெண்கள் சிரித்தார்கள். டீகன் கையை வெளியே எடுத்து என் மேசைமேல் வைத்தார். மைப்புட்டி கடகடவென்று ஆடியது. சிரிப்பு நின்றது.

"இதைப் படம்புடிக்க முடியுமா சார்?"

"ஒப்பந்தத்துல ஆடு, கை ரெண்டும் எங்களுதுதான். ஹெட்டி, மத்தியானத்துக்குள்ள தொடக்கக் காட்சி முடியணும்" என்று என் பக்கம் திரும்பினார் ஸ்ட்ராஸ்னர்.

அட்டை என் எதிரில்தான் கிடந்தது. எடுத்து நீட்டியிருக்கலாம். எனக்கு அந்தத் துணிவு உண்டா என்று யோசித்துக்கொண்டே விளக்கைப் போட்டேன். அட்டைக் கையை நகர்த்தினேன்.

டீகன் கொஞ்ச நேரம் நின்று பார்த்தார். "கட்டைவிரல் ஓரம் உரியுது பாரும்மா. மெதுவாப் புடி" என்றார். பிறகு நடுங்கும் கையைப் பைக்குள் திணித்துக்கொண்டு படியிறங்கிப் போனார்.

மாலையில் நான் படிக்கப் போகும் ஓவிய வகுப்பில் கை வரையச் சொன்னார்கள். என் தாள் வெறுமையாகவே இருந்தது. டீகன் சொன்னது சரிதான். அட்டையில் கட்டைவிரல் உரிந்துதான் இருந்தது. வகுப்புக்குக் கிளம்புமுன் பசை தடவி, புத்தகங்களை மேலே அடுக்கி வைத்துவிட்டு வந்தேன். அடுத்த படத்துக்கு அது வேண்டும்.