உப்புச் சட்டிக்கு முதலில் தெரியும்

ஆனி பிறந்துவிட்டால் தென்காசிக்காரர்களின் கழுத்து மேற்குப் பக்கமாகத் திரும்பிக்கொள்ளும். மலையில் மேகம் இறங்கிவிட்டதா, அருவியில் தண்ணீர் விழுகிறதா என்று கடைவீதி முழுக்க இதே பேச்சு. வெளியூர்க்காரன் ஒருவன் வாய் பிளந்து கேட்டால் போதும், குற்றாலத்து அருவியைத் தன் அப்பன்தான் வெட்டிவிட்டான் என்கிற மாதிரி உள்ளூர்க்காரன் அளக்க ஆரம்பித்துவிடுவான். இந்தப் பெருமையில் பெரும்பங்கு ஜவுளிக்கடை பீர் மைதீனுடையது. அவருக்கு 'அருவிக் கவி' என்று பட்டம். மெட்ராஸ் பத்திரிகை ஒன்று ஒவ்வொரு சீசனுக்கும் அவர் கவிதையைப் படத்தோடு போடும். தமிழ்ப் பண்டிதர் காந்திமதிநாதன் அதைப் பள்ளிக்கூடத்தில் ராகம் போட்டுப் படித்துக் காட்டுவார்.

அந்தக் கவிதைகளை எழுதியது அவர் தங்கை அலிமா என்பது இரண்டே பேருக்குத்தான் தெரியும். ஒருவர் பீர் மைதீன், இன்னொருத்தி அலிமா.

கொல்லத்துக்குக் கைலி வியாபாரத்துக்குப் போன அலிமாவின் புருஷன் அங்கேயே காய்ச்சலில் மௌத்தாகிப்போனான். இருபத்துநாலு வயதில், பிள்ளை குட்டி இல்லாமல், ஒரு டிரங்குப் பெட்டியும் அதற்குள் அவனுடைய ஒரு சட்டையுமாக அண்ணன் வீட்டுக்கு வந்து சேர்ந்தாள். வாசலைத் தாண்டுவதென்றால் துப்பட்டியைத் தலையோடு போர்த்திக்கொண்டுதான் தாண்ட வேண்டும். அதுவும் கல்யாண வீட்டுக்கு, மௌத்து வீட்டுக்கு, அவ்வளவுதான். நாலு மைலில் இருக்கிற குற்றாலத்தைப் பத்து வயதில் ஒரு தடவை பார்த்ததோடு சரி.

ஆனால் சாரல் அப்படியா? அதற்குக் கோஷா கிடையாது. ஓட்டு இடுக்கு வழியாக, முற்றத்து வழியாக, அவளிடம் தானே வந்துவிடும். வந்ததை அவள் எழுதினாள். சின்ன வயதில் சைதூன் பீவி வீட்டில் ஓதப் போனபோது கற்றுக்கொண்டது அரபு எழுத்து ஒன்றுதான். அந்த எழுத்திலேயே தமிழை எழுதுவது அந்தத் தெருப் பெண்களுக்கு வழக்கம். கடிதம், மருந்துக் குறிப்பு, பேறுகாலக் கணக்கு எல்லாம் அதில்தான். தமிழ் எழுத்து அவளுக்கு ஒரு எறும்பு வரிசை.

ஐம்பத்துமூன்றில் ஒரு நாள் அண்ணன் கண்ணில் அவளுடைய தாள் ஒன்று பட்டது. அவர் வாசித்துப் பார்த்தார். 'மழை வருவது உப்புச் சட்டிக்கு முதலில் தெரியும்' என்று அது ஆரம்பித்தது. அவர் அதை மறுபடியும் முதலிலிருந்து வாசித்தார்.

"நான் தமிழெழுத்துல மாத்தி எழுதிப் பத்திரிகைக்கு அனுப்புதேன்ட்டி. ஆனா பேரு என் பேருதான் போடணும். பொம்பளை பேரு அச்சுல வந்தா நம்ம தெருவுல தலைகாட்ட முடியாது, பாத்துக்கோ."

"பேரு கெடக்கு. எழுதுனது அப்படியே வந்தாப் போதும்ண்ணே" என்றாள் அலிமா.

மனதாரத்தான் சொன்னாள். அவளுக்குப் பேர் எதற்கு? யார் கூப்பிடப் போகிறார்கள்? அவள் பார்த்தது, அவள் சொன்னபடியே, அவள் போக முடியாத ஊர்களுக்கெல்லாம் போகிறது என்பது போதாதா? பத்து வருஷமாக அந்த ஒன்றை வைத்துக்கொண்டுதான் அவள் சோறு வடித்தாள், துணி துவைத்தாள், மதினி மௌத்தான பிறகு அண்ணன் மகன் பரீதை வளர்த்து ஆளாக்கினாள். எழுதியதற்கு ஒரு நகல்கூட வைத்துக்கொள்ளவில்லை. அச்சில் இருக்கும்போது நகல் என்னத்துக்கு? பத்திரிகை வந்ததும் அண்ணன் அதை விரித்து வைத்துக்கொண்டு வரி பிசகாமல் படித்துக் காட்டுவார். அவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்பாள். பிறகு அதை வாங்கி டிரங்குப் பெட்டியில் புருஷன் சட்டைக்கு மேல் வைத்துப் பூட்டுவாள்.

அறுபத்துமூன்றாம் வருஷம் ஆனி மாதம், பரீதின் பெண்டாட்டியாக ஷமீம் பானு அந்த வீட்டுக்கு வந்து இரண்டு மாதம் ஆகியிருந்தது. மேலப்பாளையத்துப் பெண். எட்டாம் வகுப்பு வரை படித்தவள். மளிகை கட்டி வரும் காகிதத்தைக்கூட விரித்துப் படித்துவிட்டுத்தான் எறிவாள். அன்றைக்கு அருவியில் முதல் தண்ணீர் விழுந்துவிட்டதென்று பீர் மைதீன் பண்டிதரையும் கூட்டிக்கொண்டு விடியற்காலை பஸ்ஸிலேயே குளிக்கப் போய்விட்டார். பரீது கடையைத் திறக்கப் போயிருந்தான். வீட்டில் பெண்கள் இரண்டு பேர்தான். பெட்டிக்குள் காற்றோட்டம் வேண்டுமென்று அலிமா பத்திரிகைகளை எடுத்துப் பாயில் பரப்பியிருந்தாள்.

"மாமி, இதுல மாமா எழுதுனது இருக்குல்லா! நான் படிக்கட்டா?"

பத்து வருஷத்தில் அண்ணன் வாயைத் தவிர வேறு வாயில் அலிமா அதைக் கேட்டதில்லை. "படிம்மா. அந்த மொத புஸ்தகத்துல இருந்து படி" என்று அரிசி புடைத்துக்கொண்டிருந்த முறத்தைக் கீழே வைத்தாள்.

ஷமீம் பானு தொண்டையைச் செருமிக்கொண்டு படித்தாள்.

"மலைமங்கை கார்குழல் அவிழ்த்தாள், மாமயில் தோகை விரித்ததுவே. வெள்ளி அருவி சலங்கை கட்டி விண்ணில் இருந்து குதித்ததுவே."

"அது இல்லம்மா. உப்புச் சட்டின்னு வரும் பாரு."

"உப்புச் சட்டியா? இதுல அப்படி ஒண்ணும் இல்லியே மாமி. குயில் வருது, நிலா வருது, தேன் வருது."

"பக்கம் மாறியிருக்கும்."

"மாமா பேரு போட்டிருக்கே மாமி. இதான்."

அலிமா அடுத்த பத்திரிகையைத் தள்ளினாள். அதற்கடுத்ததை. முறத்தில் அரிசி கிடந்தது கிடந்தபடி கிடக்க, பத்துச் சீசனையும் அந்தப் பெண் படித்து முடித்தாள். நல்ல குரல் அவளுக்கு. எல்லாப் பாட்டிலும் மலைமங்கை வந்தாள். எல்லாப் பாட்டிலும் மயில் ஆடியது. அந்த வீட்டு முற்றத்தில் ஒரு நாளும் மயில் வந்ததில்லை. காக்கைதான் வரும், நனைந்து, ஒரு காலை ஊன்றிக்கொண்டு. அந்தக் காக்கையைப் பற்றி அவள் எழுதியிருந்தாள். அது ஒரு வரியிலும் இல்லை. மலை முகத்தைத் துப்பட்டிக்குள் இழுத்துக்கொள்கிறது, அதையும் தெருவுக்கு விடவில்லை போல என்று எழுதியிருந்தாள். இல்லை. செத்தவன் சட்டையைக் கொடியில் போட்டால் மேல்காற்று அதைப் போட்டுப் பார்த்துவிட்டுக் கழற்றுகிறது, அதற்கு அளவு சரியாக இல்லை என்று எழுதியிருந்தாள். அதை எழுதின அன்றைக்கு அவள் சாப்பிடவில்லை. அதுவும் இல்லை. ஒரு சொல்கூட இல்லை.

பீர் மைதீன் வரும்போது மணி பத்து. குளித்த முகம் பளபளவென்றிருந்தது. ஈரத் துண்டைக் கொடியில் விரித்தார். பக்கத்தில் இன்னொன்றையும் உதறிப் போட்டார். ஒரு பச்சைத் துணிப் பை. அலிமாவே தைத்துக் கொடுத்தது. ஓதுகிற வீட்டில் கிழிந்துபோகும் ஓதல் தாள்கள் காலில் மிதிபடக் கூடாது, குப்பையில் சேரக் கூடாது. அவற்றைச் சேர்த்து வைத்து, ஓடுகிற தண்ணீரில் மரியாதையாக விட்டுவிடுவது அந்தத் தெரு வழக்கம். கோடையில் சிற்றாறு வெறும் மணல். ஆகவே சீசனின் முதல் தண்ணீருக்காக அந்தப் பை காத்திருக்கும்.

"ஷமீம், நீ அடுப்பைப் பாரும்மா" என்று மருமகளை உள்ளே அனுப்பிவிட்டு அலிமா அண்ணனுக்கு எதிரில் வந்து நின்றாள். அப்படி நேராக அவர் முகத்துக்கு முன்னால் அவள் நின்றதே இல்லை.

"மயிலு எப்பண்ணே நான் எழுதுனேன்?"

பாயில் கிடந்த பத்திரிகைகளை அவர் அப்போதுதான் பார்த்தார். முகத்துப் பளபளப்பு போன இடம் தெரியவில்லை.

"மொத தடவை நீ எழுதுனதை அப்படியேதான்ட்டி அனுப்புனேன். அல்லா மேல ஆணை. திருப்பி அனுப்பிட்டான். உப்புச் சட்டியும் செத்தவன் சட்டையும் கவிதையாய்யான்னு கேட்டு எழுதியிருந்தான். குத்தாலம்னா சனங்க அருவியைக் கேப்பாங்க, மயிலைக் கேப்பாங்க. மொதல்ல ஒரு வரி, ரெண்டு வரிதான் மாத்துனேன். அப்புறம் உன் வரி மத்தது கூடப் பொருந்தல. எடுத்துட்டேன்."

"எனக்குப் படிச்சுக் காட்டுனீயளே. வரி பிசகாமப் படிச்சீயளே."

"உன் தாளைப் பத்திரிகைக்குள்ள வச்சுக்கிட்டுப் படிச்சேன்." அவர் குரல் இறங்கிவிட்டது. "உன் மொகத்தைப் பாக்கும்போது சொல்ல வாய் வரல."

அழுதாளா, கத்தினாளா என்றால் இரண்டும் இல்லை. அவளுக்கு அப்போது ஒன்றே ஒன்றுதான் வேண்டியிருந்தது. "சரி, போகட்டும். அச்சும் வேண்டாம், ஒண்ணும் வேண்டாம். என் தாளெல்லாம் எங்க? அதைக் குடுத்துருங்க."

பீர் மைதீன் கொடியைப் பார்த்தார். அவர் பார்த்ததை அவளும் பார்த்தாள். பச்சைப் பை சொட்டுச் சொட்டாக வடிந்துகொண்டிருந்தது.

"அரபெழுத்துல்லாட்டி" என்றார் அவர். "குப்பைல போடலாமா? கடைல சுருட்டி வைக்கலாமா? எவன் காலாவது பட்டா குத்தம் யாருக்கு? வருசா வருசம் கைகால் மொகம் கழுவி ஒளுச் செஞ்சு, பிஸ்மி சொல்லித்தான் விட்டேன். போன சீசன் தாளு ஆறும் இன்னைக்குக் காலையிலதான். பண்டிதர்கூடப் பாத்துட்டு, எழுத்துக்கு இம்புட்டு மருவாதியான்னு கேட்டாரு."

அந்தத் தாள்கள் தெருவில் பறந்திருந்தால் அலிமாவே ஓடிப்போய்ப் பொறுக்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டு ஆற்றில் விடச் சொல்லியிருப்பாள். அண்ணன் எழுத்துக்குச் செய்ய வேண்டியதைச் செய்துவிட்டார். எழுத்து ஏந்தியிருந்ததைப் பற்றி எந்த ஓதுகிற வீட்டிலும் யாரும் சொல்லிக் கொடுத்திருக்கவில்லை. குற்றம் சொல்ல ஒரு ஆளாவது மிச்சம் வைத்திருக்கக் கூடாதா இந்த விதி என்று அவளுக்கு ஆத்திரமாக வந்தது.

"உங்களுக்காவது ஞாபகம் இருக்கா? பத்து வருசம் நீங்கதான் படிச்சீய."

அவர் நெற்றியைத் தடவிக்கொண்டு நின்றார். "உப்புச் சட்டின்னு ஒண்ணு. அப்புறம்... வாளியோ கிணறோ வரும்லா?" என்றார். அதற்கு மேல் அவருக்கு வரவில்லை.

அதற்கப்புறம் பீர் மைதீன் வீட்டில் சத்தம் போட்டுப் பேசுவதில்லை. தங்கை முகத்தைப் பார்க்காமல் சாப்பிட்டுவிட்டுக் கடைக்குப் போய்விடுவார். விஷயத்தை ஷமீம் பானு தானாகவே புரிந்துகொண்டாள். அடுப்படிச் சுவருக்கு என்ன காது கேட்காதா? ஒரு நாள் கோடு போட்ட நோட்டு ஒன்றையும் பென்சிலையும் எடுத்துக்கொண்டு வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"நீங்க சொல்லுங்க மாமி, நான் அப்படியே எழுதுதேன். ஒரு எழுத்தை மாத்த மாட்டேன். எல்லாத்தையும் திரும்பக் கொண்டாந்துரலாம்."

அலிமாவுக்கு உயிர் வந்த மாதிரி இருந்தது. ஆனால் உட்கார்ந்து யோசித்தால், சட்டை வந்தது, அதைக் கழற்றின காற்று வந்தது, அதற்கப்புறம் சொல் வரவில்லை. இன்னதைப் பற்றி எழுதினோம் என்பது நினைவிருந்தது. எப்படி எழுதினோம் என்பது போய்விட்டது. கிணற்றில் கிடந்த வானத்தை வாளி என்ன செய்தது? உடைத்ததா, மொண்டதா? அந்த ஒரு சொல்லுக்கு அன்றைக்கு ஒரு பகல் முழுக்கக் காத்திருந்தாள். இன்றைக்கு எது வைத்தாலும் சரிபோலத்தான் இருந்தது. எது வைத்தாலும் அது இல்லை.

ஒரு மாதம் இப்படி உட்கார்ந்தார்கள். நோட்டில் பக்கத்துக்கு ஒரு வரி, அரை வரி. இதற்கு நடுவில் இன்னொன்றும் நடந்தது. அன்றைக்கு ஷமீம் பானு படித்த பத்துப் பாட்டும் அலிமாவின் காதில் ஏறி உட்கார்ந்துகொண்டன. எதுகையும் மோனையுமாக அடுக்கி வைத்த பாட்டு, இறங்குமா? பாத்திரம் தேய்க்கும்போது மயில் ஆடும். தொழுகைப் பாயில் நிற்கும்போது சலங்கை கேட்கும். அவள் தலையை உதறுவாள். இன்னும் இரண்டு வரி வந்து சேரும்.

ஆடி பாதியில் சாரல் பிடித்துக்கொண்டது. கொடியில் துணி நாலு நாளாகக் காயவில்லை. மலை மேகத்துக்குள் போயிருந்தது. அலிமா முற்றத்து ஓரத்தில் உட்கார்ந்து அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். கண்ணுக்கு முன்னால் எல்லாம் அப்படியே இருந்தது. காக்கை இருந்தது, கிணறு இருந்தது, கொடி இருந்தது. பழையது வராவிட்டால் போகிறது, புதிதாகச் சொல்லிவிடலாம் என்று தோன்றியது. "ஏட்டி ஷமீம், நோட்டை எடுத்தா" என்று கூப்பிட்டாள்.

பெண் ஓடி வந்தாள்.

"மழை வருவது உப்புச் சட்டிக்கு முதலில் தெரியும்" என்றாள் அலிமா. ஷமீம் பானு எழுதினாள். அலிமா மலையைப் பார்த்தாள். அடுத்த வரி எந்தத் தட்டுத் தடங்கலும் இல்லாமல் வந்தது. அதற்கடுத்ததும் வந்தது. மளமளவென்று எட்டு வரி சொல்லி முடித்தாள். பத்து வருஷத்தில் இவ்வளவு லேசாக அவளுக்கு எதுவும் வந்ததில்லை. முகம்கூடக் கொஞ்சம் மலர்ந்துவிட்டது.

"இப்பப் படி, கேப்போம்."

ஷமீம் பானு படிக்கவில்லை. நோட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"என்னட்டி?"

"மாமி, இதுல மலைமங்கை வாறா."

அலிமா நோட்டை எட்டிப் பார்த்தாள். எறும்பு வரிசைதான் தெரிந்தது.

"மயிலும் வருது மாமி. மொத வரி மட்டுந்தான்..." அந்தப் பெண்ணுக்கு அழுகை முட்டியது. "மொத வரி மட்டுந்தான் உங்க வரி மாதிரி இருக்கு."

சாரல் ஓட்டு விளிம்பில் சேர்ந்து வடிந்தது. அலிமா அந்த எட்டு வரியையும் மனதுக்குள் ஒரு தடவை ஓட்டிப் பார்த்தாள். ஷமீம் சொன்னது சரிதான். மற்றதெல்லாம் கைகோர்த்து நின்றன. அந்த ஒரு வரிதான் யார் வீட்டுப் பிள்ளையோ என்பது மாதிரித் தனியாக நின்றது.

"அதை அடிச்சிரும்மா" என்றாள். "மத்தது கூட அது பொருந்தல."

ஷமீம் பானு முதல் வரியை அடித்தாள். அலிமா எழுந்து, கொடியில் கிடந்த ஈரத் துணிகளைத் திருப்பிப் போட்டாள்.