வேலிக்கு இந்தப் பக்கம் ஒரு சாவு

எங்கள் ஊரில் பேசினால் குற்றம், பாடினால் குற்றமில்லை. தெருவைக் குறுக்கே வெட்டிக்கொண்டு முள்கம்பி வேலி ஓடுகிறது. அந்தப் பக்கம் சோவியத், இந்தப் பக்கம் செக்கோஸ்லோவாக்கியா. வேலிக்கு அப்பால் பார்த்து ஒரு வார்த்தை பேசிவிட்டால் சிப்பாய் துப்பாக்கியை நீட்டுவான். ஆனால் தோட்டத்தில் கொத்திக்கொண்டே பாடினால், வேலைப்பாட்டு என்று விட்டுவிடுவான். எங்கோ சைபீரியாவிலிருந்து வந்தவன், எங்கள் ஹங்கேரி மொழியைக் கண்டானா? அதனால் பிள்ளை பிறந்தது, மாடு கன்று போட்டது, மாமனார் செத்தது, எல்லாவற்றையும் பாட்டாகவே அனுப்புவோம். ஊரிலேயே பெரிய தொண்டை என்னுடையது என்பதால், அடுத்த வீட்டுச் சேதிகளும் என் தலையில்தான் விழும்.

ஐரோப்பாவின் வரலாறும் பூகோளமும் நாங்கள் அடி வாங்கிப் படித்தவை. அப்பா பள்ளிக்கூடம் போனபோது தலைநகர் புடாபெஸ்ட். நான் போனபோது ப்ராக். வீட்டில் கேட்ட பழக்கத்தில் புடாபெஸ்ட் என்று சொல்லி அறை வாங்கினேன். பிறகு ஹங்கேரி திரும்பி வந்தது. என் தம்பி ப்ராக் என்று சொல்லி அறை வாங்கினான். போர் முடிந்ததும் ஊரையே இரண்டாகப் பிளந்து ஒரு துண்டை மாஸ்கோவுக்கும் ஒரு துண்டை ப்ராகுக்கும் கொடுத்தார்கள். நாங்கள் அடுப்படியை விட்டு நகரவே இல்லை, நாடுகள்தான் எங்கள் மேல் ஏறி இறங்கின. கோடு போட்ட அந்த மகராசன் யாரென்று எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் அவன் வீட்டு வாசலிலும் ஒரு வேலி போட்டுவிட்டு வந்திருப்பேன்.

வேலி வருவதற்கு முந்தின நாள் பக்கத்து வீட்டு எதெல்கா அக்கா ரொட்டிக்கு மாவு பிசைய உட்கார்ந்தாள். வீட்டில் ரொட்டியைப் பொங்க வைக்கும் புளித்த மாவு தீர்ந்துபோயிருந்தது. "ஓடிப்போய் சித்தி வீட்ல ஒரு உருண்டை வாங்கிட்டு வாடி" என்று ஏழு வயது மகள் வில்மாவைத் தெருக்கோடிக்கு அனுப்பினாள். மழை பிடித்துக்கொண்டது. பிள்ளை நனைய வேண்டாமென்று சித்தி இரவு தன் வீட்டிலேயே படுக்க வைத்துவிட்டாள். காலையில் தெருவில் சிப்பாய்கள் கம்பம் நட்டுக்கொண்டிருந்தார்கள். சித்தி வீடு அந்தப் பக்கம் போய்விட்டது. அவ்வளவுதான். எதெல்கா ப்ராகுக்கு மனு போட்டாள், மாஸ்கோவுக்கு மனு போட்டாள், புருஷன் போரில் செத்த சான்றிதழைக்கூட இணைத்தாள். பெற்ற மகள் அயல்நாட்டுப் பிரஜை என்று பதில் வந்தது.

அந்த வில்மாவுக்கு இப்போது பத்தொன்பது வயது. வளர்ந்ததையெல்லாம் எதெல்கா வேலிக்கு இப்பாலிருந்து, உழுது போட்ட வெற்று நிலத்தைத் தாண்டி, ஒரு விரல் உயர உருவமாகத்தான் பார்த்தாள்.

இந்தக் கோடையில் குஸ்டி என்ற பையன் அந்தப் பக்கத்துச் சோளக்காட்டிலிருந்து இந்தப் பக்கம் ஓடி வரப் பார்த்தான். சுட்டார்கள். எல்லோரும் பார்க்கட்டும் என்று பொழுது சாயும்வரை உடம்பை எடுக்கவில்லை. அவன் அம்மா வேலியோரம் மண்ணில் உட்கார்ந்தே இருந்தாள்.

அடுத்த வாரமே வில்மா வைக்கோல் வாரிக்கொண்டு பாடினாள்: "புது ரொட்டி ஞாயிறு வருதம்மா, சோளம் என் உயரம் வளருதம்மா, முந்தின ராத்திரி நான் வருவேன், எனக்கும் ஒரு தட்டு வை."

புதுக் கோதுமையில் முதல் ரொட்டி சுடும் எங்கள் திருநாளுக்குப் பத்து நாள்கூட இல்லை. என் கையிலிருந்த களைக்கொத்து கீழே விழுந்தது. எதெல்கா என் தோளைப் பிடித்து உலுக்கினாள். "வராதேன்னு பாடு ரோசாலி! குஸ்டியைப் பார்த்தியேன்னு பாடு!"

பாடினேன். கெஞ்சிப் பாடினேன், திட்டிப் பாடினேன். தொண்டை கட்டிப்போனதுதான் மிச்சம். அந்தப் பக்கமிருந்து ஒரே பதில்தான் வந்தது: "நீ அங்க இருக்க, நான் எதுக்கு இங்க?"

பெற்றவளின் அதே பிடிவாதம். எதெல்கா அன்று என் அடுப்படியில் வந்து உட்கார்ந்தாள். பிறகு சொன்னாள்.

"நான் செத்துட்டேன்னு பாடு."

"உனக்கென்ன மூளை கலங்கிப்போச்சா?"

"நான் இருக்கேன்னுதானே வரா? நான் இல்லன்னா யாரைத் தேடி வருவா?"

"அப்புறம் நீ வேலிப் பக்கம் தலைகாட்ட முடியாதுக்கா. அவளை இனிமே தூரத்துல கூடப் பார்க்க முடியாது. யோசிச்சியா?"

"குஸ்டியோட அம்மா இப்ப யாரைப் பார்த்துட்டிருக்கா?"

"சரி, பாடறேன்" என்றேன்.

வெறும் பாட்டை வில்மா நம்பமாட்டாள். எங்களிடம் ஒரு வழக்கம் இருந்தது. சாவு ஊர்வலம் மட்டும் வேலியை ஒட்டி வரலாம். பெட்டியைத் திறந்து சற்றுச் சாய்த்து, அந்தப் பக்கத்து உறவுக்கு முகத்தைக் காட்டலாம். அந்தப் பக்கத்தாரையும் அப்போது கம்பிவரை விடுவார்கள். சிப்பாய்கூடத் தொப்பியைக் கழற்றுவான். ஆக, எதெல்கா பெட்டிக்குள் படுத்தாக வேண்டும்.

போதகர் கெலெமென் குதித்தார். "உயிரோட இருக்கறவளுக்கு அடக்க ஜெபமா? என்னை நரகத்துக்கு அனுப்பப் பாக்கறீங்களா?"

"நரகத்துல வேலி இல்லைன்னா நல்ல இடம்தான் ஐயா" என்றேன்.

அவர் முறைத்தார். எதெல்காவின் முகத்தைப் பார்த்தார். கடைசியில், "ஜெபம் பண்ண மாட்டேன். பைபிள்ல இருக்கற ஒரு சங்கீதம் பாடறேன். சங்கீதம் பாடப் பொணம் வேணும்னு எங்கயும் எழுதல" என்றார். ஊரில் யாரும் மூச்சுவிடவில்லை. வாயை மூடிக்கொள்வதை மட்டும் எல்லா அரசாங்கமும் எங்களுக்கு ஒழுங்காகச் சொல்லிக்கொடுத்திருந்தது.

எதெல்காவின் முகத்தில் கோதுமை மாவு பூசினேன். அவளுக்குத் தும்மல் வந்தது. "பொணம் தும்மினா எல்லாம் போச்சுக்கா" என்றேன். அவள் சிரித்தாள். நானும் சிரித்தேன், சிரித்துக்கொண்டே அழுதேன்.

வேலியருகே பெட்டியைச் சாய்த்தார்கள். ஒப்பாரியை நான்தான் எடுத்தேன். அந்தப் பக்கம் கூட்டத்தைப் பிளந்துகொண்டு வில்மா ஓடி வந்து முள்கம்பியைக் கையால் பிடித்தாள். ரத்தம் வழிந்தது, அவள் விடவில்லை. ஏழு வயதுக்குப் பிறகு அம்மாவும் மகளும் இவ்வளவு அருகில் இருந்ததில்லை. அம்மா கண்ணை மூடிக்கொண்டு கிடந்தாள்.

எங்கள் ஒப்பாரியில் செத்தவரிடம் குறையெல்லாம் சொல்லி அழுவது வழக்கம். வில்மா சொன்னாள்.

"என்னம்மா அவசரம் உனக்கு? நான்தான் வரேன்னு சொன்னேனே! புளிச்ச மாவு வாங்கிட்டு வரச் சொன்னியே, வாங்கிட்டேம்மா. இன்னும் வெச்சிருக்கேன். ஒவ்வொரு தடவை சுடும்போதும் ஒரு உருண்டை எடுத்து வெச்சு, சாக விடாம காப்பாத்திட்டு வரேன். இனி அதை யார் கையில குடுப்பேன்?"

எதெல்காவின் மூடிய இமையிலிருந்து நீர் கசிந்து, கன்னத்து மாவில் ஒரு கோடு இறங்கியது. நான் பாய்ந்து அவள் மேல் விழுந்து, முத்தமிடுவதுபோல் என் முகத்தால் அவள் முகத்தை மறைத்தேன். "மூடுங்க! மூடுங்க!" என்று கத்தினேன். மூடினார்கள்.

தேவாலயத்துக்குள் கொண்டுபோய்க் கதவைத் தாழிட்டு மூடியை எடுத்தோம். எதெல்கா எழுந்திருக்கவில்லை. கண்ணைத் திறக்கவுமில்லை. நான் குனிந்து அவள் மூக்கருகே விரலை வைத்துப் பார்த்தேன்.

"ரோசாலி" என்றாள். "என்னைவிட உயரமாயிட்டாளா?"

"உன்னைவிட உயரம்தான்க்கா."

"சின்னதுல அடுப்புல விழுந்தாளே, நெத்தியில அந்தத் தழும்பு இன்னும் தெரியுதா?"

நான் எங்கே பார்த்தேன்? என் கண்ணெல்லாம் இவள் முகத்தின் மேல்தானே இருந்தது. "தெரியுது" என்றேன்.

அதன்பின் எதெல்கா பகலில் வெளியே வரவில்லை. ஊருக்கு மறுகோடியில், வேலிக்கு எட்டாத என் தம்பி வீட்டுப் பின்கட்டில் இருந்தாள். புது ரொட்டி ஞாயிறுக்கு முந்தின இரவு ஊரே காதைத் தீட்டிக்கொண்டு கிடந்தது. ஒரு சத்தமும் இல்லை. விடிந்ததும் நான் அவளிடம் ஓடினேன். மேசையில் இரண்டு தட்டு வைத்திருந்தாள்.

"வெடிச் சத்தம் கேட்கலைதானே?" என்றாள்.

"கேட்கலைக்கா. காலையில சித்தி வீட்டுக் கொல்லையில தண்ணி சேந்திட்டு நின்னா, என் கண்ணால பார்த்தேன். கறுப்புத் துணி கட்டியிருந்தா."

எதெல்கா தலையாட்டினாள். இரண்டாவது தட்டை எடுத்துத் துடைத்தாள். சுத்தமாக இருந்ததை மறுபடி துடைத்தாள்.

"நம்பிட்டா" என்றாள்.