கிரிவலத்தில் பிடிபட்ட தீவிரவாதி

இதில் வரும் ஒவ்வொரு சொல்லும் சத்தியம். வாயால் மட்டும் செய்த சத்தியம் இல்லை. திருவண்ணாமலை ராஜகோபுரத்தைப் பார்த்து நின்று, உள்ளங்கையில் சூடம் கொளுத்தி, அடித்து அணைத்துச் செய்தது. கொப்புளம்கூட இருக்கிறது. நம்பாதவர்கள் அதைப் பார்த்துவிட்டுப் போகலாம்.

கீழ்பென்னாத்தூர் வல்லரசு பட்டாளத்தில் நாயக்காக இருந்தான். சட்டைக் கையில் இரண்டு பட்டை. வேலை வடகிழக்கு மலைக்காட்டில். அங்கே எதிரி சீருடை போட்டுக்கொண்டு வரமாட்டான். காலையில் ஏர் ஓட்டுவான், மத்தியானம் சந்தையில் மீன் விற்பான், சாயங்காலம் பாலத்துக்கு அடியில் கண்ணிவெடி வைப்பான். எவன் வெறும் ஏர் ஓட்டுகிறவன், எவன் வெடியும் வைக்கிறவன் என்பது ஊருக்குத்தான் தெரியும். ஊர் வாய் திறந்தால் உண்டு. திறக்காவிட்டால் பட்டாளத்தின் பீரங்கி எல்லாம் பழைய இரும்புக்குத்தான் லாயக்கு.

அந்த ஊர் வாய் திறந்துதான் இருந்தது. தண்ணீருக்குப் போகும் பெண்கள் செக்போஸ்ட்டைத் தாண்டும்போது இருமுவார்கள். இருமினால் அன்றைக்குக் கிழக்கு ரோட்டில் வண்டியை விடாதே என்று அர்த்தம். இப்படியே ஒருவனுக்கும் நகம்கூடப் பெயராமல் ஓடிக்கொண்டிருந்தது. ஒரு நாள் மூட்டையோடு வந்த கிழவர் ஒருவரை நிற்கச் சொன்னார்கள். காது மந்தமோ என்னவோ, அவர் பாட்டுக்கு நடந்தார். வல்லரசுவின் வலது கை எழுந்தது. விழுந்தது ஒரு அறை. கிழவர் மண்ணிலிருந்து எழுந்து, முட்டியைத் தட்டிக்கொண்டு, அவனைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் போனார்.

அன்றிலிருந்து அந்த ஊரில் ஒருத்திக்கும் இருமல் வரவில்லை. அடைமழைக் காலம். ஊரே சளி பிடித்து மூக்கை உறிஞ்சுகிறது. இருமல் மட்டும் கிடையாது. அடுத்த வாரமே தண்ணீர் லாரி கண்ணிவெடியில் ஏறியது. ஓட்டிய ராமதாசுக்குக் கால் இரண்டு இடத்தில் முறிந்தது. ஆஸ்பத்திரிக்குப் பார்க்கப் போன வல்லரசுவிடம் ராமதாஸ் ஒன்றே ஒன்றுதான் சொன்னான்: "உன் கை பண்ணதுக்கு என் கால் அபராதம் கட்டிச்சு மச்சான்."

அந்தப் பிரிவில் துப்பாக்கி சுடக் கற்றுக்கொடுக்க ஒரு கூட்டமே இருந்தது. சுடாமல் இருக்கக் கற்றுக்கொடுக்க ஒரே ஒருவர்தான், மேஜர் ராஜமாணிக்கம். வேலூர்க்காரர். அவர் வல்லரசுவைக் கூப்பிட்டார்.

"பட்டையைக் கழட்டி ஊட்டுக்கு அனுப்பிடுனு மேல சொல்றாங்க. நான் ஒரு பரீட்சை வெக்கிறேன். பாஸானா இரு. இல்லேன்னா கீழ்பென்னாத்தூர் போய் கடலைக் கொல்லையில மல்லாட்டை உரி."

"இன்னா பரீட்சை சார்?"

"உங்க ஊர் சித்ரா பௌர்ணமி."

பரீட்சை இதுதான். வேங்கிக்காலில் வீடு கட்டிக்கொண்டு ஓய்வாக இருக்கும் சுபேதார் தசரதன் அன்று சாயங்காலம் தீவிரவாதியாக மாறுவார். மலை சுற்றும் லட்சக்கணக்கான ஜனத்தில் கலந்துவிடுவார். இருட்டுவதற்குள் வல்லரசு அவரைக் கண்டுபிடிக்க வேண்டும். தசரதன் லேசுப்பட்ட ஆள் இல்லை. ஒருமுறை எல்லையில் எருமை வேஷம் போட்டு மந்தையோடு மேய்ந்தவர். பால்காரன் செம்போடு உட்கார்ந்த பிறகுதான் எழுந்து நின்று வணக்கம் சொன்னார்.

"ஆயுதம் கெடையாது. வேட்டி, வெறுங்கால், விபூதி. குரல் ஒசரக் கூடாது. யாரையும் தள்ளக் கூடாது. கை ஓங்கினா, அடி விழுந்தாலும் விழாட்டியும், அத்தோட முடிஞ்சுது" என்றார் மேஜர். அவர் சொல்லாத விதி ஒன்றும் இருந்தது. அது மலை போட்ட விதி. மலை வலப்பக்கம் இருக்கும்படி போகிற கூட்டத்துக்கு எதிராக யாரும் திரும்பி நடக்கக் கூடாது.

வல்லரசுவுக்குத் தசரதனைப் பற்றிக் கவலை இல்லை. கவலை எல்லாம் தன் வலது கையைப் பற்றித்தான். அவனைக் கேட்காமல் எழுந்த கை அது. மறுபடி எழாது என்று சூடம் அணைக்க அவனுக்கே தைரியம் இல்லை. அதனால் அதை வேட்டி மடிப்பில் செருகிக்கொண்டு நடந்தான். பார்த்தவர்கள் பாவம், சின்ன வயசில் வாதம் என்று எண்ணி, நின்று விபூதி பூசிவிட்டுப் போனார்கள்.

"ஐயா, கோச்சுக்காதீங்க. நீங்க தீவிரவாதிங்களா?"

"இல்லப்பா, நான் யூனியன் ஆபீஸ்ல கிளார்க்கு."

"அம்மா, நீங்க?"

"நான் இல்ல. எங்க மாமியாரு பின்னாடி வர்றாங்க, அவங்கள நல்லா விசாரி."

ரமணாசிரமம் பக்கம் தாடி வைத்த ஒரு வெள்ளைக்காரர், "நான் யாருனுதான் இங்க வந்து ரொம்ப வருஷமா தேடுறேன். தெரிஞ்சா மொதல்ல உங்களுக்குத்தான் சொல்வேன்" என்று நல்ல தமிழில் சொல்லி, கையெடுத்துக் கும்பிட்டார்.

செங்கம் ரோட்டில் கொஞ்ச தூரம் போனதும் வல்லரசுவுக்கு உறைத்தது. தசரதன் பின்னால் வந்துகொண்டிருந்தால்? திரும்பவும் முடியாது. தாண்டிவிட்டோம் என்றால் முழு மலையையும் சுற்றிக்கொண்டுதான் வர வேண்டும். ஆனால் நிற்கலாம். நிற்கக் கூடாது என்று மலையும் சொல்லவில்லை, மேஜரும் சொல்லவில்லை. இரண்டு புளியமரத்துக்கு நடுவே கயிறு கட்டி, ஓரத்தில் ஒரு ஆள் நுழைகிற அளவு வழி விட்டான். வடகிழக்கில் செக்போஸ்ட் போட்ட அதே பழக்கம். வருகிறவர்கள் ஒருவர் பின் ஒருவராக வரட்டும், முகம் பார்த்துவிடலாம்.

அங்கேதான் தப்பு நடந்தது. வேறு எந்த ஊரிலும் நடந்திருக்காது.

பௌர்ணமி அன்று திருவண்ணாமலையில் ஒருவன் பின்னால் ஒருவன் நின்றுவிட்டால், மூன்றாவது ஆள் காரணம் கேட்கமாட்டான், நின்றுவிடுவான். முன்னால் அன்னதானம் இருக்கும். வரிசை புளியமரத்திலிருந்து பின்னோக்கி வளர்ந்து, ஆசிரமத்தைத் தாண்டி, ஊருக்குள் புகுந்து, வேங்கிக்காலில் கலெக்டர் ஆபீஸ் வாசலைத் தொட்டது. உள்ளே கோப்பு பார்த்துக்கொண்டிருந்தவர்களும் கோப்போடு வந்து நின்றார்கள். வாலில் நின்றவர்களிடம் என்ன வரிசை என்று கேட்டால், "சர்க்கரைப் பொங்கல், முந்திரி ஜாஸ்தி" என்றார்கள். ஒருவர்கூடப் பார்க்கவில்லை. ஆனாலும் முந்திரி ஜாஸ்தி.

வரிசையின் தலைப்பக்கம் கண்ணாயிரம் வந்தார். போளூரில் லாரி வைத்திருப்பவர். தோளும் லாரி மாதிரிதான் இருக்கும். கயிற்றுக்கு அந்தப் பக்கம் எட்டிப் பார்த்தார். அண்டா இல்லை. அடுப்பு இல்லை. வேட்டியில் கை செருகிய ஒரு ஆள் மட்டும்.

"சோறு எங்கப்பா?"

"சோறு இல்லீங்க. ஒரே ஒரு கேள்வி. நீங்க தீவிரவாதிங்களா?"

"இன்னாது? வெயில்ல இம்மா நேரம் நிக்க வெச்சுட்டு, தீவிரவாதியாங்கிறியா? எவன்டா நீ? உங்கப்பன் ஊட்டு ரோடா இது?"

கண்ணாயிரம் விரலால் வல்லரசுவின் நெஞ்சில் குத்தினார். மறுபடி குத்தினார். பின்னால் "இன்னா, சோறு இல்லியா?" என்ற முணுமுணுப்பு வரிசை நெடுகப் பரவிக்கொண்டு போயிற்று. இன்னொரு குத்து விழுந்தது.

கை மடிப்பிலிருந்து உருவிக்கொண்டு வந்தது. மேலே போயிற்று. பரீட்சையைக் கண்காணிக்க வந்து எதிர்ப்பக்கம் வெள்ளரிப் பிஞ்சு தின்றுகொண்டிருந்த மேஜர் மெல்லுவதை நிறுத்தினார். உச்சியில் நின்ற கை எங்கே இறங்கப் போகிறது என்று வல்லரசுவுக்கே தெரியாது. கண்ணாயிரத்தின் முகத்தை ஒரு கணம் பார்த்தான். கோபக்கார முகம்தான். ஆனால் கண் இரண்டும் கையைப் பார்த்துச் சுருங்கின. எவ்வளவு பெரிய ஆளுக்கும் அறை வரும்போது கண் இப்படித்தான் சுருங்கும் போலிருக்கிறது. அந்தக் கிழவருக்கும் இப்படித்தான் சுருங்கியிருக்கும். அன்றைக்கு அவன் பார்க்கவில்லை, அவ்வளவுதான். கை நின்ற இடத்திலேயே நின்றது. இறக்கவும் தெரியவில்லை.

அப்போது அந்தக் கைக்குள் கனமாக ஒன்று வந்து விழுந்தது. கரண்டி. அண்டா கிளறுகிற பெரிய கரண்டி.

"தூக்குன கைய சும்மாவா இறக்குவ? புடி!"

வல்லரசுவின் அத்தை ஆராயி. வருஷா வருஷம் சித்ரா பௌர்ணமிக்கு அடுத்த திருப்பத்துக்கு அப்பால் புளியோதரை போடுகிறவள். அன்றைக்கு அவள் பந்தலில் ஈ மட்டும்தான் வந்தது. ஜனம் எல்லாம் இங்கே வரிசையில் நிற்கிறது என்று கேள்விப்பட்டு, எவன் அவன் புதுசா அன்னதானம் போடுறவன், ரெண்டில் ஒன்று பார்த்துவிடலாம் என்று கரண்டியோடு சண்டைக்கு வந்தவள். வந்து பார்த்தால் அண்ணன் மகன் கையை ஓங்கிக்கொண்டு நிற்கிறான்.

"அத்தை, நான் பரீட்சையில..."

"பரீட்சையாம் பரீட்சை. பசிச்சவன் கூட்டத்துல கயிறு கட்டுறவன எங்கயாவது பாத்துகீறியா? டேய் தருமா, அண்டாவ எடுத்தாடா!"

கோபத்தில் அவள் டா போட்ட புருஷன் தருமன் அண்டாவோடு வந்தான். அது ஒன்றுக்கு இந்த வரிசை அடங்குமா? அண்டா வற்றவே இல்லை என்று சொன்னால் பொய்யாகிவிடும், வற்றியது. ஆனால் மலையைச் சுற்றிப் பந்தல் போட்டிருந்தவர்கள் எல்லாருக்கும் அன்று ஈதான் வந்திருந்தது. அவர்களும் அண்டாவைத் தூக்கிக்கொண்டு ஆள் இருக்கிற இடத்துக்கே வந்துவிட்டார்கள்.

வல்லரசு பரிமாறினான். முதல் தொன்னை கண்ணாயிரத்துக்கு. "சூடா கீதுங்க, பாத்து சாப்பிடுங்க. நான் பண்ணது தப்புதாங்க." கண்ணாயிரம் ஓரமாக நின்று தின்றார். இன்னும் ரெண்டு அண்டா காலியாகும்வரை வரிசையை வேடிக்கை பார்த்துவிட்டு, விரலை நக்கிக்கொண்டே அவன் காதருகே வந்தார்.

"யாரையோ தேடுறியே. அதோ அந்தக் காவி கட்டுன சாமியாரு, மூணாவது வாட்டி வரிசையில பூந்து வர்றாரு. அது பரவால்ல, சாமியாருக்குப் பசிக்கும். கால பாரு. கணுக்கால்ல சாக்ஸ் போட்ட இடம் மட்டும் வெளுத்துகீது. சாமியாருக்கு ஏதுப்பா சாக்ஸு?"

கேட்காமலே சொன்னார். ஒரு சாயங்காலம் முழுக்க வல்லரசு கேட்டுக் கேட்டு வராத பதில், கேட்காமலே காதில் வந்து விழுந்தது. அந்த மலைக்காட்டு ஊர் இருமிக்கொண்டிருந்ததற்கு என்ன அர்த்தம் என்று அவனுக்கு இப்போதுதான் விளங்கியது.

சாமியார் முறை வந்ததும் வல்லரசு தொன்னையை நிரப்பினான். "சுபேதார் சார், இன்னும் கொஞ்சம் போடட்டுங்களா?"

தாடிக்குள் தசரதன் சிரித்தார். "போடு. எருமையா மேஞ்சப்பகூட மாட்டல, புளியோதரை மாட்டி உட்டுடுச்சு."

மேஜர் சாலையைக் கடந்து வந்தார். கையில் பாதி வெள்ளரி.

"ஆளப் புடிச்சிட்ட. சரி. கை ஓங்கினியா?"

ஆராயி முந்திக்கொண்டாள். "கரண்டி கேட்டு நீட்டுனான் சார். நான்தான் குடுக்க லேட்டாக்கிட்டேன்."

"நான் உங்களைக் கேக்கலம்மா."

வல்லரசு கரண்டியைக் கீழே வைத்தான். "ஓங்கினேன் சார். அறையத்தான் ஓங்கினேன். அத்தை வர்றதுக்கு முன்னாடியே இறங்கல, நின்னுடுச்சு. ஏன் நின்னுச்சுனு கேட்டா, அவர் கண்ணு சுருங்குறத பாத்துட்டேன்."

மேஜர் வெள்ளரியைக் கடித்தார். நிதானமாக மென்றார். பிறகு கண்ணாயிரத்திடம் திரும்பினார். "அடி வாங்க இருந்தது நீங்க. நீங்க சொல்லுங்க. நான் மன்னிக்கிறதுல அர்த்தம் இல்ல."

"அடி வுழுந்திருந்தா வேற மாதிரி சொல்லியிருப்பேன். சோறு இல்ல வுழுந்துது?" என்றார் கண்ணாயிரம். "புளியோதரையில உப்புதான் கொஞ்சம் கம்மி."

"யாருய்யா சொன்னது கம்மினு?" என்று ஆராயி கரண்டியை எடுத்தாள். அவளைச் சமாதானப்படுத்துவதற்குள் நிலா மலைக்கு மேலே வந்துவிட்டது.

பட்டை தப்பியது. ஆனால் மேஜர் ஒரு வேலை கொடுத்தார். "அந்தப் பெரியவர் விஷயத்துல நானும் ஜட்ஜ் இல்ல, இவரும் இல்ல. போய் அவரையே கேளு."

வல்லரசு போனான். கிழவரின் வீட்டு வாசலில் துப்பாக்கி இல்லாமல் நின்றான். கிழவர் வெகுநேரம் அவன் கையையே பார்த்தார். பிறகு உள்ளே போய் ஒரு முறத்தைக் கொண்டுவந்து நீட்டினார். பயறில் கல் பொறுக்க வேண்டியிருந்தது. மத்தியானம் வரை இருவரும் உட்கார்ந்து பொறுக்கினார்கள். அவன் கிளம்பும்போது கிழவருடைய மருமகள் குடத்தை எடுத்துக்கொண்டு எதிரே வந்தாள். அவனைத் தாண்டும்போது முகத்தைத் திருப்பிக்கொண்டு, நன்றாகச் சத்தமாக, ஊருக்கே கேட்கும்படி இருமினாள். வல்லரசு அன்றைக்கு எல்லா வண்டியையும் மேற்கு ரோட்டில் திருப்பிவிட்டு, முகாம் வரை சிரித்துக்கொண்டே நடந்தான்.

வல்லரசு பட்டாளத்தில் ஒரு நாள்கூட இருந்ததில்லை. வேலூர் ஆள்சேர்ப்பில் உயரம் ஒரு விரல்கடை கம்மி என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள், அன்றிலிருந்து கீழ்பென்னாத்தூர் - திருவண்ணாமலை வேன் ஓட்டிக்கொண்டு, ஏறுகிறவர்களுக்கெல்லாம் இந்தக் கதையைச் சொல்கிறான்.