சுயம்புலிங்கத்தின் முதல் பிரதி

இதில் ஒரு சொல்கூடப் பொய்யில்லை. கற்பூரம் அடித்துச் சத்தியம் செய்யலாம். ஆனால் இந்த வயதில் என் உள்ளங்கை அப்பளம் மாதிரி ஆகிவிட்டது, நெருப்பைக் காட்டினால் பொரிந்துவிடும். ஆகையால் வெறும் வாயால் சத்தியம். கபாலீஸ்வரருக்கு அது போதும். என் பேச்சைப் பல காலமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறார், இதுவரை ஒரு தடவைகூட மறுத்ததில்லை.

சுயம்புலிங்கம் ஆஸ்பத்திரிக் கட்டிலில் ஒருக்களித்துப் படுத்துக்கொண்டு அச்சுப்பிழை திருத்திக்கொண்டிருந்தார். திருநெல்வேலிப் பக்கத்து மனுஷர். இங்கே கல்லூரியில் வரலாறு நடத்தி ஓய்வு பெற்றவர். மந்தைவெளியில் எனக்கு அடுத்த வீடு. சாந்தோமிலிருந்து அடையாற்று முகத்துவாரத்துத் தென்கரை வரைக்கும் உள்ள மீனவக் குப்பங்களின் வரலாறு என்று வாழ்நாளில் ஒரே ஒரு புத்தகம் எழுதினார். மற்றவர்கள் கோடை விடுமுறையில் எழுதி முடிக்கிற தடிமன்தான். இவருக்கு மட்டும் பாதி ஆயுள் பிடித்தது. காரணம், ஒவ்வொரு தடவையும் அச்சுக்குக் கொடுப்பதற்கு முன்னால் சரிபார்க்கிறேன் என்று ஊரூர் குப்பத்துக்கு ஒரு நடை போய்விடுவார். போனால் யாராவது புதிதாக ஒன்றைச் சொல்லிவிடுவார்கள். ஓர் அத்தியாயம் முழுசாகப் பிரிந்துபோகும். அவர் மனைவி போன அன்றைக்குக்கூட மூன்றாம் அத்தியாயம் பிரிந்துதான் கிடந்தது. துக்கத்துக்கு வந்தவர்கள் காகிதங்களை மிதிக்காமல் சுவரோரமாக நடந்தார்கள்.

இப்போது கணையத்தில் புற்று. ஆளில் பாதியை அது எடுத்துக்கொண்டிருந்தது. காகிதத்தின் ஓரத்தைப் பிடிக்கிற அளவுக்குக் கை மிச்சமிருந்தது.

“புஸ்தகம் எப்ப வே வரும்?” என்றார்.

“ஓய், நீர் பேனாவைக் கீழ வச்சா வரும்.”

“வச்சுட்டேன்னு வையும்.”

வைக்கவில்லை. இன்னொரு பிழையைச் சுழித்தார். பிறகு, “ஊர்ல எத்தனை பேர் புஸ்தகத்துக்குப் போய் உக்காந்து கை தட்டியிருக்கோம் வே. நான் ஒரே ஒரு ஏற்புரை பேசிட்டுப் போறேன். முதல் பிரதியை ஜெயபாரதி கையில குடுக்கணும். அதுக்குள்ள கூப்பிட்டுறப்படாது” என்றார். யார் கூப்பிட்டுவிடக் கூடாது என்று அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

ஜெயபாரதி ஊரூர் குப்பத்தில் மீன் விற்கிறவள். புத்தகத்தில் பாதி, அவளுடைய அம்மா தேசம்மாள் வலை உலர்த்திக்கொண்டே சொன்னது. தேசம்மாள் எல்லாவற்றையும் சொல்லி முடித்தாள். அச்சில் பார்க்க இருக்கவில்லை.

தி. நகரில் ஒரு ஜவுளிக்கடையின் மாடியில் பதிப்பகம் நடத்துகிற வைரவனைப் போனில் பிடித்தேன்.

“சார், மூணு வாரம் தள்ளி ஞாயித்துக்கிழமைன்னு அழைப்பிதழ் அடிச்சாச்சு. அட்டையும் வந்துருச்சு. உள்ளதான் வரல. கடைசி ப்ரூஃபு அவரு கையிலதானே கெடக்கு.”

“உள்ள இல்லாம என்னய்யா புஸ்தகம்?”

“வெள்ளைத்தாள வச்சு பைண்டு போட்டுறலாம் சார். மேடையில எவரு பிரிச்சுப் பாக்கா? வழக்கம்தானே.”

வழக்கம்தான். மயிலாப்பூரில் நான் கை தட்டி வரவேற்ற வரலாறுகளில் எத்தனை வெறும் அட்டை என்பது பைண்டருக்குத்தான் வெளிச்சம்.

அந்த ஞாயிற்றுக்கிழமை அவரை வெளியே விட டாக்டர் சம்மதிக்கவில்லை. எனவே நான் வீட்டிலிருந்து இரண்டு முனைவர் பட்ட ஆய்வேடுகளைக் கொண்டுபோய்க் கட்டிலில் நீளவாக்கில் கிடத்தி, போர்வையால் மூடினேன். ஆய்வேட்டை யாரும் திறந்து பார்ப்பதில்லை என்பது உலகம் அறிந்த விஷயம். நாங்கள் திரும்புகிறவரைக்கும் யாரும் திறக்கவில்லை. நர்ஸ் வந்து காய்ச்சல் பார்த்து, நார்மல் என்று எழுதிவிட்டுப் போயிருந்தாள்.

மார்கழி மாதம், அடைமழை. மயிலாப்பூர் மண்டபத்தில் புத்தக வெளியீட்டுக்கு வழக்கமாக வருகிற ஆட்கள் நாலு பேர், அதில் இரண்டு பேர் சுண்டலுக்கு. அன்றைக்கோ படிக்கட்டு வரைக்கும் கூட்டம். சபாக்களில் கச்சேரி கேட்டுக்கொண்டிருந்தவர்கள் பாதியில் எழுந்து வந்தார்கள். அதுகூடப் பெரிசில்லை, சபா கேன்டீனில் இலை போட்டு உட்கார்ந்தவர்கள் எழுந்து வந்தார்கள். குப்பத்து ஜனங்கள் படகிலேயே வந்து மாட வீதியில் இறங்கினார்கள். மயிலாப்பூருக்குப் படகு எப்படி வரும் என்று கேட்கிறவர்கள் இங்கே ஒரு மழைக்காலம்கூட இருந்ததில்லை என்று அர்த்தம்.

வாழ்த்துரை வழங்கிய பேராசிரியர், இருநூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில் தன் கண் கலங்கிவிட்டது என்றார். அந்தப் பக்கத்தைப் பிரித்துப் பார்த்தார். உண்மையாகவே கலங்கியது. அவருக்குப் பின்னால் வந்தவர், இந்த நூலில் ஒரு சொல்கூட மிகையில்லை என்றார்.

சுயம்புலிங்கம் ஏற்புரைக்கு எழுந்தார். தாங்கப் போனேன், கையைத் தட்டிவிட்டார். எழுதிவைத்து எதையும் படிக்கவில்லை.

“இந்தக் கரைக்கு வந்துட்டுப் போனவங்க எழுதினது நிறைய இருக்கு. இங்கயே இருந்தவங்க சொன்னதை நான் உக்காந்து கேட்டேன். கேட்டதுக்கு மேல இதுல எனக்கு ஒரு வேலையும் இல்ல. கேட்டு முடிக்கதுக்குள்ள சொன்னவங்க போயிட்டாங்க. என்னைப் பிந்தவச்சது காலம் இல்ல, நான்தான்.”

இவ்வளவுதான்.

முதல் பிரதியை வாங்குகிறவர்கள் அதை நெஞ்சோடு பிடித்துப் போட்டோவுக்கு நின்றுவிட்டு இறங்கிவிடுவார்கள். ஜெயபாரதிக்கு அந்த வழக்கத்தை யாரும் சொல்லித் தரவில்லை. வாங்கினாள், பிரித்தாள். ஒவ்வொரு தாளாகத் தள்ளினாள்.

“இன்னா சார், ஒண்ணியும் காணோம்? எங்கம்மா பேரு எங்க கீது?”

மேடையோரம் நின்ற வைரவன் தூணுக்குப் பின்னால் பாதி மறைந்தார்.

“இருக்கு தாயி. அச்சுலதான் ஏறல” என்றார் சுயம்புலிங்கம்.

“அச்சுல ஏறாதது எங்களுக்கு இன்னா புச்சா?” என்றாள். குரலில் கோபமில்லை. “நீயே எய்து சார். நான் நிக்கிறேன்.”

சுயம்புலிங்கம் தூண்வரைக்கும் நடந்துபோய் வைரவனின் சட்டைப்பையிலிருந்து பேனாவை உருவினார். மேஜைமேல் புத்தகத்தை விரித்து, குனிந்து, நிதானமாகத் தேசம்மாள் என்று எழுதினார். எழுதியதை ஒரு தடவை படித்தார். திருத்துவதற்கு ஒன்றுமில்லை என்கிற மாதிரி பேனாவை மூடி மேஜைமேல் வைத்தார். ஜெயபாரதி மேடையின் விளிம்பிலேயே உட்கார்ந்து, புத்தகத்தை மடியில் விரித்து, மை காய்வதற்காக ஊதிக்கொண்டிருந்தாள். அது காய்கிறவரைக்கும் ஒருவரும் எழுந்திருக்கவில்லை.

அழைப்பிதழில் போட்டிருந்த அந்த ஞாயிற்றுக்கிழமை, சுயம்புலிங்கத்துக்குப் பதினாறாம் நாள் காரியம்.