அவரு வரலீங்களா?

1

மொரப்பூர் ஸ்டேஷனில் ரயில் தாமதமான ஒரு பகலில் பக்கத்திலிருந்தவர் சொன்னார்: யுத்த காலத்தில் இங்கே கொட்டகை போட்டு நடந்த நாடகத்தில், பபூன் ஒருவன் பாதி வேடிக்கையில் நின்றுபோனானாம். ஏன் என்று அவருக்குத் தெரியவில்லை. மிச்சத்தை நான் எழுதுகிறேன்.

முதலில் இப்படித் தொடங்கினேன்: "பபூன் சவுரியப்பனைப் பார்த்தாலே சனங்களுக்குச் சிரிப்பு..."

இல்லை, பொய். பார்த்ததும் யாரும் சிரிக்கவில்லை. ஒவ்வொரு சாயங்காலமும் கெஞ்சாத குறையாகத்தான் அவர்களிடம் சிரிப்பை வாங்கினான்.

2

வருஷம் 1944. அவனுடைய பேர்போன வேடிக்கை இது: பட்டாளத்துக்குப் போனவன் ஊர் திரும்பிக் கதவைத் தட்டுகிறான். பெண்டாட்டி எட்டிப் பார்த்து, "யாருங்க நீங்க?" என்கிறாள். இரண்டு வேஷமும் அவனே. கூட்டம் புரண்டு சிரிக்கும். பெண்கள் பக்கத்தில் ஒருத்தி மட்டும் எல்லோருக்கும் முந்திச் சிரிப்பாள். அந்தச் சிரிப்புக்காகவே அவன் வேடிக்கையை நீட்டினான். (காதல் என்று எழுதி அடித்துவிட்டேன். அந்தச் சொல் அவன் வாயில் வராது.)

அவள் பெயர் தங்கம்மாள். புருஷன் பர்மாச் சண்டைக்குப் போனவன், இருக்கிறானா இல்லையா என்றே தெரியாது. இதை ஆர்மோனியக்காரர் நஞ்சப்பன்தான் சவுரியப்பனிடம் சொன்னார். மறுநாள் அந்த வேடிக்கையை விட்டுவிட்டு வேறு எதையோ ஆடினான்.

"பட்டாளத்தானக் கூட்டிட்டு வாடா!" என்று கூட்டம் கத்தியது. மேடைக்கு மண்ணாங்கட்டி பறந்தது.

திரை விழுந்ததும் கொட்டகைக்குப் பின்னால் தங்கம்மாள் வந்து நின்றாள்.

"ஏனுங்க, இன்னைக்கு அவரு வரலீங்களா?"

3

மறுநாள் அவர் மேடைக்கு வந்தார். காக்கித் தொப்பியோடு* கதவைத் தட்டினார். "யாருங்க நீங்க?" என்று கத்தக் கூட்டமே வாய் திறந்த நேரத்தில் தங்கம்மாள் எழுந்தாள்.

"வந்துட்டீங்களா? கை கழுவுங்க, சோறு போடறேன்."

கூட்டம் அவள் பக்கம் திரும்பியது. ஒரு கிண்டல் போதும், கூட்டம் முழுக்க அவன் காலடியில் கிடக்கும். ஆனால் சவுரியப்பனுக்கு அந்தச் சோறு வேண்டியிருந்தது, அதுவும் வேஷம் இல்லாமல். தொப்பியைக் கழற்றினான்.

"நான் அவரில்லீங்கம்மா."

"தெரியுமுங்க" என்றாள். "ஒரு தரம் சொல்லிப் பாக்கோணும்னு இருந்துச்சு."

(* அவள் புருஷனுக்கு என்ன தொப்பி கொடுத்தார்களோ, எனக்குத் தெரியாது.)

4

கூட்டம் சிரித்தது என்று ஒரு முடிவு எழுதினேன். அழுதது என்று இன்னொன்று. இரண்டையும் கிழித்தாயிற்று. அவன் மேடையிலேயே நிற்கிறான். அவள் இன்னும் உட்காரவில்லை. கொட்டகை நிறைய உட்கார்ந்திருப்பது நீங்கள்தான். என்ன செய்யப்போகிறீர்கள்?