மழைக்கு ஒதுங்கிய கல்வீடு

ரூஃபினா தனியாகச் சுற்றுலா ஆட்களைக் கூட்டிக்கொண்டு போன முதல் நாளே நான் படகைக் கொண்டுபோய்க் கண்டல் வேருக்குள் செருகிவிட்டேன். மறைத்து என்ன ஆகப்போகிறது? எங்கள் ஊர் முயிலில் இது தெரியாத ஆள் இல்லை.

ரூஃபினா என் மனைவி ஒதிலியாவின் தங்கை. ஏரிக்கரையில் எங்கள் படகுச் சங்கத்தின் சமையல் கொட்டகையில் ஆறு வருஷம் சோள அடை சுட்டவள். சுட்டுக்கொண்டே படித்து, வழிகாட்டிப் பரீட்சையில் தேறினாள். சங்கத்தில் அதுவரை பெண் வழிகாட்டி கிடையாது. அவளைச் சேர்க்கலாமா என்று கூட்டம் போட்டபோது நான் கை தூக்கவில்லை. "பாதி வழியில எவனாவது மயங்கி விழுந்தா இவ தூக்குவாளா?" என்று வேறு கேட்டேன். மற்றவர்கள் எல்லோரும் கை தூக்கிவிட்டார்கள். ஒதிலியா மூன்று நாள் எனக்குச் சாப்பாடு வைத்தாள், பேச்சு வைக்கவில்லை.

அன்றைக்கு நான்கு பேர் வந்திருந்தார்கள். பூவெப்லா நகரத்திலிருந்து பல்தசார் ஐயாவும் அவர் மனைவி எர்மினியா அம்மாளும். அவர் சாலை இன்ஜினியராக இருந்து ஓய்வு பெற்றவர். எதைப் பார்த்தாலும் கைத்தடியால் ஒரு தட்டுத் தட்டிப் பார்ப்பார். அந்த அம்மாளுக்கு எழுபது வயதிருக்கும், ஒடிசலான உடம்பு. கூட சீலே நாட்டிலிருந்து வந்த அக்கா தங்கை இரண்டு பேர். சிரிப்பதற்கென்றே ஊரை விட்டுப் புறப்பட்டவர்கள் மாதிரி இருந்தார்கள்.

வழக்கமாக நான் படகுத்துறையிலேயே கிடப்பேன். அன்றைக்கு, உள்ளதைச் சொல்கிறேன், இவள் எங்கே தடுமாறுகிறாள் பார்க்கலாம் என்று பின்னாலேயே போனேன்.

தடுமாறவில்லை. காட்டுக்குள் இருக்கிற பெரிய கல் கோபுரத்துக்கு முன்னால் போய் நின்றவள் ராஜாக்களின் பெயரையும் வருஷத்தையும் ஒப்பிக்கவில்லை. பல்தசார் ஐயாவைப் பார்த்து, "ஐயா, நீங்க ரோடு போட்டவரு. மழை பெஞ்சா இந்தப் படியில விழற தண்ணி எந்தப் பக்கம் போகும், சொல்லுங்க" என்றாள்.

அவர் குனிந்து பார்த்தார். தடியை ஊன்றி ஒரு சுற்றுச் சுற்றி வந்தார். சீலேத் தங்கைக்காரியின் தண்ணீர் பாட்டிலை வாங்கி மேடைக் கல்லின்மேல் கொஞ்சம் ஊற்றினார். தண்ணீர் ஒரு கணம் நின்று யோசித்துவிட்டு, ஓரமாக ஒரு மூலையைத் தேடி ஓடியது.

"அடடா! எவ்வளவு துல்லியமா வாட்டம் குடுத்திருக்கான். எவன்யா இதைப் பாத்துப் பாத்துச் செஞ்சவன்?"

"எங்க ஆளுங்கதான் ஐயா. ஆயிரம் வருஷத்துக்கு மேல ஆச்சு. என் வீட்டுக் கூரை மட்டும் இன்னிக்கும் ஒழுகுது."

எல்லோரும் சிரித்தார்கள். முப்பது வருஷமாக அந்தக் கல்லைத் தாண்டிப் போகிற நான் ஒரு நாளும் அதில் தண்ணீர் ஊற்றிப் பார்த்ததில்லை. அன்றைக்குத்தான் அந்தக் கோபுரத்தைச் சரியாக அண்ணாந்து பார்த்தேன். சிற்றுளி கூட இரும்பில் இல்லாத காலத்தில், காட்டுக்கு மேலே தலை நீட்டுகிற உயரத்துக்குக் கல்லை அடுக்கியிருக்கிறார்கள். கட்டியவர்கள் என் முன்னோர் என்பது தெரியும். தெரிந்ததையே திடீரென்று யாரோ சொல்லிக் கேட்ட மாதிரி இருந்தது.

காட்டுப் பாதை முடிகிற இடத்தில் ஏரி. காலை பத்து மணிக்கு அது கிளிப்பச்சை, நடுவில் நீலம். படகை எடுத்தேன். முதல் ஏரியைக் கடந்து, இரண்டாவது பெரிய ஏரியையும் கடந்தால் கடலை நோக்கிப் போகிற கால்வாயின் வாய். கண்ணாடித் தண்ணீர். அதையும் எங்கள் ஆட்கள் வெட்டித் திருத்தியிருக்கிறார்கள், சரக்கு ஏற்றிய ஓடங்கள் போய்வர. அங்கே இறங்கி மிதந்தால் ஓட்டமே ஆளை இழுத்துக்கொண்டு போகும். ஒரு கோரைப் புல்லைக்கூட நாம் அசைக்க வேண்டாம். அரை மணி தள்ளிக் கீழ்த்துறையில் நான் படகோடு காத்திருந்து ஏற்றிக்கொள்வேன்.

மிதவைச் சட்டையைக் கால்வழியாக, கால்சட்டை மாதிரி மாட்டிக்கொள்ள வேண்டும். சீலேக்காரிகள் ஒருவரை ஒருவர் பார்த்து, "குழந்தைக்குத் துணி கட்டின மாதிரி இருக்கே!" என்று விழுந்து விழுந்து சிரித்தார்கள். எர்மினியா அம்மாள் மட்டும் பலகையிலிருந்து எழவில்லை.

"நான் வரல. நீங்க போயிட்டு வாங்க."

"ஏன், தண்ணி நல்லாத்தானே இருக்கு?" என்றார் கணவர்.

"வரலன்னா விடுங்களேன்."

ரூஃபினா அந்த அம்மாளை வற்புறுத்தவில்லை. படகின் ஓரத்தில் உட்கார்ந்து காலைத் தண்ணீரில் தொங்கவிட்டாள். பையிலிருந்து ஒரு ஆரஞ்சை எடுத்து உரித்து, மிளகாய்த்தூள் தூவிப் பாதியை அந்த அம்மாளிடம் நீட்டினாள். இரண்டு பேரும் சாப்பிட்டார்கள். கடைசிச் சுளையை மென்றுகொண்டே அந்த அம்மாளே சொன்னார்:

"எனக்கு எட்டு வயசு. எங்க அண்ணன் ஆத்துல போயிட்டான். அதுக்கப்புறம் முழங்காலுக்கு மேல நான் நனைஞ்சதில்லம்மா."

"அப்ப முழங்கால் வரைக்கும் போதும்மா. என்னை மாதிரி உக்காருங்க."

அவர் உட்கார்ந்தார். கால் நனைந்தது. "ஐயோ, வெதுவெதுன்னு இருக்கே" என்றார். இன்னொரு ஆரஞ்சு முடிந்தது. பிறகு, "நீ என் கையை விட மாட்டியே?" என்று கேட்டார்.

"விடமாட்டேன். உங்க கைதான் எனக்கும் பிடிமானம்."

இறங்கினார். ரூஃபினாவும் மற்ற மூவரும் கூடவே இறங்கினார்கள். ஓட்டம் மெல்ல அந்த அம்மாளைத் தூக்கியது. கொஞ்ச தூரம் போனதும் ஒரு குரல் வந்தது பாருங்கள், எட்டு வயதுப் பிள்ளையின் குரல்: "பல்தசார்! நான் மெதக்குறேன்! இங்க பாருங்க, நான் மெதக்குறேன்!"

அந்தக் குரலைக் கேட்ட சந்தோஷத்தில் நான் கவனிக்கத் தவறியது வானத்தை. கடல் பக்கம் மேகம் கறுத்து எழும்பியிருந்தது. சரி, சீக்கிரம் கீழ்த்துறைக்குப் போய்விடலாம் என்று இன்ஜினைக் கிளப்பினேன். நூறு கெஜம் போயிருக்க மாட்டேன். முழுகிக் கிடந்த மரத்துண்டு ஒன்று அடியில் அடித்தது. இன்ஜினின் சுழல் விசிறியைப் பிடித்திருக்கும் ஆணி உடைந்தது. மாற்று ஆணி வீட்டு ஜன்னலில் இருந்தது. துரு துடைக்க முந்தின நாள் நானே எடுத்து வைத்தது. ஓட்டம் படகை இழுத்துக் கண்டல் வேர்களுக்குள் திணித்தது. அதே நேரம் மழையும் கொட்டியது.

கழியால் நெம்பினேன். தண்ணீரில் இறங்கித் தோள் கொடுத்தேன். கத்தியால் வேர்களை அறுத்தேன். மின்னல் ஒவ்வொன்றும் கண்ணைக் குருடாக்கியது. மின்னலில் தண்ணீருக்குள் நாலு பேர், அதில் ஒன்று எழுபது வயது, கூட்டிப்போனவள் நேற்றுவரை அடை சுட்டவள். ஒன்றரை மணி நேரம் ஆயிற்று படகு வெளியே வர. கழியை ஊன்றி, தெரிந்த சாமிகளையெல்லாம் கூப்பிட்டுக்கொண்டே கீழே போனேன்.

பாதி தூரத்தில் கரையை ஒட்டி ஒரு கல்வீடு உண்டு. ஒற்றை அறை, ஒற்றை வாசல். அந்தக் காலத்து ஓடக்காரர்கள் தங்கிப் போன இடம். நான் அதைத் தாண்டிப் போயே இருப்பேன். உள்ளிருந்து பாட்டுச் சத்தம் வந்தது.

வாசலில் தலையை நீட்டினேன். ஐந்து பேரும் மிதவைச் சட்டைகளைத் தரையில் போட்டு அதன்மேல் நெருக்கி உட்கார்ந்திருந்தார்கள். எர்மினியா அம்மாளின் இரண்டு கைகளையும் ரூஃபினா தேய்த்துக்கொண்டிருந்தாள். நடுவில் வறுத்த பூசணி விதைப் பொட்டலம். பல்தசார் ஐயா மட்டும் எழுந்து நின்று உள்ளங்கையைக் கூரையில் ஒட்டி வைத்திருந்தார்.

"ஒரு சொட்டு ஒழுகலய்யா" என்றார் என்னைப் பார்த்ததும். "நானும் தேடித் தேடிப் பாக்கறேன். நான் போட்ட ரோடு மூணு மழை தாங்கினா பெரிய விஷயம். இது எத்தனை மழை பாத்திருக்கும்!"

"எல்லாரும் நல்லா இருக்கீங்களா?" மூச்சு வாங்கியது எனக்கு.

"இவருதான் நீ சொன்ன அத்தானா?" என்று எர்மினியா அம்மாள் ரூஃபினாவைக் கேட்டார். "இன்னும் கொஞ்சம் கழிச்சு வந்திருக்கலாம். கதை பாதியில நிக்குது."

முதல் இடி கேட்டதுமே ரூஃபினா எல்லோரையும் கை கோக்கச் சொல்லி, கரையோரமாக இழுத்து அங்கே ஏற்றிவிட்டிருக்கிறாள். அதே மாதிரி ஒரு மழைக்கு உப்பும் தேனும் ஏற்றி வந்த ஓடக்காரர்கள் அதே அறையில் ஒதுங்கியிருப்பார்கள் என்று கதை சொல்லியிருக்கிறாள். என்னைத் தனியாகப் பார்த்தபோதுதான் அவள் குரல் மாறியது.

"ஆணியா?"

"ஆணிதான்."

"மாத்து ஆணி?"

"வீட்டுல."

"அக்காகிட்ட நான் சொல்ல மாட்டேன்" என்றாள். "நீங்களே சொல்லிடுங்க."

மழை விட்டது. ஊர் திரும்ப வேறு வழி இல்லை, கால்வாயில் இனி எதிர் ஓட்டம். நடுவில் இழுப்பு அதிகம், கரை ஓரத்தில் கொஞ்சம் தணிந்திருக்கும். ரூஃபினா முன்னால் குந்திக்கொண்டாள். "ஐயா, வலது பக்க வேர். பிடிச்சு இழுங்க. இப்ப நீங்க, அக்கா தங்கச்சி. விடாதீங்க, நான் சொன்னப்புறம் விடுங்க." பல்தசார் ஐயாவும் சீலேப் பெண்களும் வேரை மாற்றி வேர் பிடித்துப் படகை இழுத்தார்கள். நான் பின்னால் கழி போட்டேன். எர்மினியா அம்மாள் சுரைக்குடுக்கையால் படகில் நின்ற மழைத் தண்ணீரை மொண்டு வெளியே வீசினார்; ஒவ்வொரு வீச்சிலும் பாதி என் முகத்தில் விழுந்தது.

ஏரியின் வாய்க்கு வந்தபோது எல்லோருடைய கையும் சிவந்திருந்தது. முன்னால் பரந்த தண்ணீர். கழி எட்டாத ஆழமும் இருக்கிறது. இருக்கிற துடுப்பு ஒன்றே ஒன்று. நான் உட்கார்ந்துவிட்டேன்.

ரூஃபினா மேலே பார்த்தாள். வெயிலுக்காகக் கட்டியிருந்த தார்ப்பாய் படபடவென்று அடித்துக்கொண்டிருந்தது. மழை போனாலும் கொண்டல் காற்று நிற்கவில்லை. கடலிலிருந்து நேராக எங்கள் துறையைப் பார்த்து வீசியது.

"அத்தான், அதை அவுருங்க."

"எதுக்கு?"

"காத்து சும்மாத்தானே போவுது. நம்மளையும் கூட்டிட்டுப் போகட்டும்."

கழியில் தார்ப்பாயைக் கட்டி நிறுத்தினோம். கீழ் மூலை இரண்டிலும் கயிறு. ஒன்றை பல்தசார் ஐயா பிடித்தார். இன்னொன்றை எர்மினியா அம்மாள் கேட்டு வாங்கிக்கொண்டார். பாய் ஒரு தடவை உதறி, வயிறு உப்பியது. படகு நகர்ந்தது. பிறகு தண்ணீரைக் கிழித்துக்கொண்டு போக ஆரம்பித்தது. நான் துடுப்பைச் சுக்கானாகப் பிடித்திருந்தேன். முப்பது வருஷம் இன்ஜின் இரைச்சலோடே கடந்த ஏரி அது. அன்றைக்குத்தான் அதன் சத்தம் கேட்டது. படகின் அடியில் தண்ணீர் கிசுகிசுப்பது, தூரத்தில் மீன்கொத்திக் கழுகு கூப்பிடுவது. சீலேக்காரிகள்கூடச் சிரிக்கவில்லை. மழை கழுவிவிட்ட காட்டுக்கு மேலே கோபுரத்தின் தலை மஞ்சளாகத் தெரிந்தது.

இரண்டு ஏரியையும் கடந்து வந்தபோது துறையில் சங்கத்து ஆட்கள் முழுப் பேரும் நின்றிருந்தார்கள். தேடி வரப் படகு கிளப்பிக்கொண்டிருந்தார்கள். நீலத் தார்ப்பாயோடு நாங்கள் வந்து சேர்ந்ததைப் பார்த்து ஒருவனுக்கும் வாய் மூடவில்லை. எர்மினியா அம்மாள் கயிற்றை விட மனமில்லாமல் இறங்கினார். கொட்டகையில் சல்புத்தே, அதாவது பொரித்த சோள அடை, மூன்று சாப்பிட்டார். வண்டி ஏறும் முன் ரூஃபினாவைக் கட்டிக்கொண்டு காதில் ஏதோ சொன்னார். என்ன என்று அவள் இன்றுவரை சொல்லவில்லை. பல்தசார் ஐயா தடியை ஊன்றி நின்று, நடுத்தெருவில் ரூஃபினாவுக்கு மரியாதையாகத் தொப்பியைக் கழற்றினார்.

வண்டி போன பிறகு ரூஃபினா துறைப் பலகையில் உட்கார்ந்தாள்.

"அத்தான், கல்வீட்டுக்குக் கொஞ்சம் முன்னால, இடது கரையில ஒரு முதலை கெடந்துச்சு. பெருசு."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. "அவங்க பாக்கலையா?"

"வலது பக்கம் ஆர்கிட் பூவைக் காட்டினேன். எல்லாரும் அதையே பாத்துட்டு வந்தாங்க. அந்தம்மா என்ன அழகுன்னு சொல்லிக்கிட்டே இருந்தாங்க. அது சும்மா படுத்திருந்துச்சு, அதுக்கும் மழை பயம் போல."

"உனக்குப் பயமா இல்லையா?"

"இல்லாம? உள்ள போனதும் அவ்வளவு சத்தமாப் பாடினது எதுக்குன்னு நெனச்சீங்க?"

ஆயிரம் பேர் சேர்ந்து அடுக்கிய கோபுரத்தை அன்றைக்குக் காலையில் அண்ணாந்து பார்த்த அதே கண்ணால் இவளைப் பார்த்துக்கொண்டு நின்றேன். பிறகு கொட்டகைக்குப் போய் எலுமிச்சை சூப் ஒரு கிண்ணம் சூடாக வாங்கி வந்து அவள் கையில் கொடுத்தேன். இரண்டு கையாலும் பிடித்து ஒரு வாய் குடித்தாள்.

"உப்பு பத்தல" என்றாள். முழுவதையும் குடித்துவிட்டுத்தான் கிண்ணத்தைக் கீழே வைத்தாள்.