லா ஹமு கடலுக்குப் போன நான்காம் நாள்

அந்தத் தீவில் ரத்ரிக்கு அது பதினோராவது மாதம். ஜாவாவின் ஜோக்ஜா நகரில் வாடகை அறையைப் பூட்டிவிட்டு, கேமராவோடு வந்து மீனவர் லா ஹமுவின் வீட்டுப் பின்னறையில் தங்கியிருந்தாள். பதினாறு வருடமாக இதுதான் அவள் பிழைப்பு. யார் வீட்டிலோ தங்கி, அவர்கள் சிரிப்பையும் சண்டையையும் ஆவணப்படத்துக்காக எடுப்பது, பழகி ஒட்டிக்கொண்ட சமயத்தில் கிளம்பிவிடுவது. இதற்கு நடுவில் அவளுக்குக் கல்யாணமும் ஆகி, அது முறிந்தும் போயிருந்தது.

சூரைமீன் பிடிக்கப் போன லா ஹமு இரண்டு நாளில் திரும்பியிருக்க வேண்டும். நான்காம் நாள் காலை ஊர்ப் படகுகள் தேடக் கிளம்பின. ஜகார்த்தாவிலிருந்து படத்தின் இயக்குநர் பிராம் போனில் கூப்பிட்டான்.

"கேமராவக் கீழ வெச்சிராத ரத்ரி. சேதி வர்றப்போ அவரு சம்சாரத்தோட முகம் வேணும், கிட்டத்துல."

"அவங்க கையால சோறு திங்கிறேன் பிராம்."

"அதனாலதான் உன்னச் சொல்றேன். வேற யாரையும் அவங்க கிட்ட விடமாட்டாங்க."

ரத்ரி கேமராவைத் தூக்கிக்கொண்டு படகுத்துறைக்குப் போனாள். அங்கே நின்றிருந்த லா ஹமுவின் மனைவி வா என்டியா திரும்பிப் பார்த்தாள்.

"அதுல தூரத்துல இருக்கறது தெரியுமா?"

"தெரியும்க்கா."

"அப்புறம் என்னை எதுக்குப் பாக்குற? கடலப் பாரு. அந்த மனுசன் தெரியிறாரான்னு சொல்லு."

இருந்ததிலேயே நீளமான லென்ஸை மாட்டிக் கடல் பக்கம் திருப்பினாள் ரத்ரி. பதிவுப் பொத்தானைத் தொடவில்லை.

"அதோ கறுப்பா!"

"கட்டைக்கா அது."

"உனக்குக் கண்ணு அவிஞ்சு போச்சு. தள்ளு!"

வா என்டியாவுக்கு ஒரு கண்ணை மட்டும் மூடிக்கொண்டு கேமராவில் பார்க்கத் தெரியவில்லை. ரத்ரி தன் உள்ளங்கையால் அவளுடைய மறு கண்ணைப் பொத்தினாள். கொஞ்ச நேரத்தில் கை நனைந்தது.

சாயங்காலம் தேடப்போன படகுகள், கவிழ்ந்துகிடந்த லா ஹமுவின் படகைக் கயிறு கட்டி இழுத்துவந்தன. அதில் ஆள் இல்லை. வா என்டியாவின் முகம் ஒரு முழத் தூரத்தில் இருந்தது. ரத்ரி கேமராவைத் தரையில் வைத்துவிட்டு அவளைப் பிடித்துக்கொண்டாள்.

மறுவாரமே பிராம் அவளுக்குப் பதிலாக வேறொரு ஒளிப்பதிவாளனை அனுப்பினான். லா ஹமுவுக்காக நடந்த நாற்பதாம் நாள் தொழுகையை அவன்தான் எடுத்தான். படம் வெளிநாடெல்லாம் சுற்றிவிட்டு ஜோக்ஜாவுக்கு வந்தபோது, ரத்ரி தனியாகப் போய்க் கடைசி வரிசையில் உட்கார்ந்தாள். முக்கால்வாசி அவள் எடுத்ததுதான். அவள் பெயர் நன்றி சொல்லும் பட்டியலில் மட்டும் இருந்தது.

ஒரு காட்சியில் லா ஹமு வலையை உதறிக்கொண்டே நேராக அவளைப் பார்த்துத் தன் தீவுப் பேச்சில் கத்தினார்: "ஏ ஜாவாக்காரி, படம் புடிச்சே கெழவியாயிராத! வந்து இந்த முனையப் புடி!"

கீழே மொழிபெயர்ப்பு எழுத்தில் 'கடல் இன்று அமைதி' என்று போட்டிருந்தார்கள்.

ரத்ரி வாய்விட்டுச் சிரித்துவிட்டாள். அரங்கில் வேறு யாரும் சிரிக்கவில்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்த முன்வரிசைப் பெண் திரும்பி அவளை முறைத்தாள்.

"மன்னிச்சிருங்க" என்றாள் ரத்ரி.